தள்ளுபடி என்னும் ஒற்றைச் சொல்: வராதவரின் மேல்முறையீடு கடந்துவந்த பாதை

2023 நவம்பரில், கர்நாடக உயர் நீதிமன்றத்திலிருந்து வந்த ஓர் உரிமையியல் வழக்கில் உச்ச நீதிமன்றம் மிகச் சுருக்கமான ஆணை ஒன்றைப் பிறப்பித்தது. மேல்முறையீட்டாளரின் தரப்பில் எவரும் வராத நாளில், உயர் நீதிமன்றம் அவருடைய மேல்முறையீட்டை அதன் தகுதிப்பாடுகளை ஆராய்ந்து தள்ளுபடி செய்திருந்தது. அவ்வாறு செய்ய அந்த நீதிமன்றத்திற்கு அதிகாரம் இல்லை என்று கூறி, உச்ச நீதிமன்றம் அத்தீர்ப்பை நீக்கியது. இதில் புதுமை எதுவும் இல்லை. இதே விதியை உச்ச நீதிமன்றம் 1996இல் அப்துர் ரஹ்மான் வழக்கில் கூறியிருந்தது; 2012இல் கன்ஷ்யாம் தாஸ் குப்தா வழக்கில் மீண்டும் கூறியது. நாடாளுமன்றமோ 1976லேயே சட்டத்தின் வாசகத்தில் இதை எழுதிவைத்துவிட்டது. எழுதப்பட்ட ஒரு விதியை உயர் நீதிமன்றங்களுக்குத் திரும்பத் திரும்ப நினைவூட்ட வேண்டியிருப்பது ஏன்? இதற்கு நீதிபதிகளின் கவனக்குறைவை மட்டும் விடையாகச் சொல்வது எளிது. அவ்விதியின் வரலாற்றைப் படித்தால், ஒரு வினைச்சொல்லின் மாற்றம் இந்தக் குழப்பத்துக்கு வித்திட்டது தெரியவரும்.

பிரிட்டிஷ் இந்தியாவின் முதல் உரிமையியல் நடைமுறைச் சட்டத் தொகுப்பு 1859ஆம் ஆண்டின் 8ஆவது சட்டம். விசாரணைக்குக் குறித்த நாளில் மேல்முறையீட்டாளர் தாமாகவோ வழக்குரைஞர் மூலமாகவோ வராவிடில், மேல்முறையீடு வராமையின் பொருட்டுத் தள்ளுபடி செய்யப்பட வேண்டும் என்று அது கட்டளையிட்டது. 1877இலும் 1882இலும் தொகுப்பு திருத்தி எழுதப்பட்டபோது இவ்விதி 556ஆவது பிரிவாக அமைந்தது; வாசகத்தின் உயிர் மாறவில்லை. அதில் இரண்டு கூறுகள் இருந்தன. ஒன்று, 'தள்ளுபடி செய்யப்பட வேண்டும்' என்னும் ஏவல். மற்றொன்று, 'வராமையின் பொருட்டு' என்னும் காரணச் சொல். வேறு முடிவெடுக்க நீதிபதிக்கு வழியில்லை. எடுத்த முடிவின் காரணம் குறித்து மயக்கமும் இல்லை. கடுமையான விதிதான். ஆயினும் கடுமையில் ஒரு தெளிவு இருந்தது.

1908ஆம் ஆண்டின் தொகுப்பு, 1909 சனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது. பழைய நீண்ட பிரிவுகள் இப்போது இரண்டாகப் பிரிக்கப்பட்டன: அடிப்படைக் கொள்கைகள் 158 பிரிவுகளில் நின்றன, நடைமுறை விவரங்கள் 51 ஆணைகளாக முதல் அட்டவணைக்குச் சென்றன. 556ஆவது பிரிவு இடம்பெயர்ந்து 41ஆவது ஆணையின் 17ஆவது விதியாயிற்று. இடம்பெயரும்போது வாசகமும் மாறியது. மேல்முறையீட்டாளர் வராவிடில், மேல்முறையீடு தள்ளுபடி செய்யப்பட வேண்டுமென நீதிமன்றம் ஆணையிட'லாம்' என்பதே புதிய வாசகம். ஏவல், விருப்ப வினையாயிற்று. 'வராமையின் பொருட்டு' என்ற காரணச் சொல்லும் அந்த வாக்கியத்திலிருந்து உதிர்ந்தது.

'லாம்' என்ற விகுதி எதற்கு இடம் கொடுக்கிறது? மொழியியல் மாணவர் எவரும் உடனே இரண்டு வாசிப்புகளைக் காண்பர். முதல் வாசிப்பில், நீதிமன்றம் தள்ளலாம். தள்ளாமலும் இருக்கலாம், அதாவது வேறொரு நாளுக்கு ஒத்திவைக்கலாம். மழையில் பேருந்து நின்றுபோன ஊரிலிருந்து வரவேண்டியவருக்கு நீதிபதி காட்டும் பொறுமைக்கு இது இடம் தருகிறது. இரண்டாம் வாசிப்பில், நீதிமன்றம் தள்ளலாம். அல்லது ஆவணங்களைத் தானே படித்து, வழக்கின் தகுதிப்பாடுகளின் மீது தீர்ப்பும் வழங்கலாம். காரணச் சொல் உதிர்ந்ததால் இந்த இரண்டாம் வாசிப்புக்கு வலுக் கூடியது. உயர் நீதிமன்றங்கள் இரு கூறாகப் பிரிந்தன. சில, வராதவரின் வழக்கைத் தகுதிப்பாடுகளின் மீது தள்ளலாம் என்றன. சில, கூடாது என்றன. ஏறத்தாழ எழுபது ஆண்டுகள் இந்தக் கருத்து வேறுபாடு நீடித்தது.

தகுதிப்பாடுகளை ஆராய்ந்து தீர்ப்பளிப்பது வராதவருக்குச் செய்யும் நன்மைதானே, வெறுமனே தள்ளுவதைவிட அது மேலல்லவா என்று தோன்றக்கூடும். இங்கேதான் இச்சட்டத்தின் நுட்பம் உள்ளது. வராமைக்காகத் தள்ளப்பட்ட மேல்முறையீட்டுக்கு 19ஆவது விதி ஒரு கதவைத் திறந்துவைத்திருக்கிறது. வர இயலாமைக்குப் போதிய காரணம் இருந்தது என்று மெய்ப்பித்தால், நீதிமன்றம் அம்மேல்முறையீட்டை மீண்டும் கோப்பில் எடுத்தாக வேண்டும். செலவுத்தொகை போன்ற நிபந்தனைகளை விதிக்கலாம், அவ்வளவே. 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டத்தின் 122ஆவது உறுப்பு இதற்கு 30 நாள் தருகிறது. தாமதம் ஏற்பட்டால் அதே சட்டத்தின் 5ஆவது பிரிவின்கீழ் மன்னிப்புக் கோரலாம். நீதிமன்றம் மறுத்தால், அந்த மறுப்பின் மீதே மேல்முறையீடு செய்ய 43ஆவது ஆணை இடமளிக்கிறது. வராமைக்காகத் தள்ளும் ஆணையைத் 'தீர்ப்பாணை' என்னும் வரையறையிலிருந்தே 2ஆவது பிரிவு விலக்கிவைத்துள்ளது.

தகுதிப்பாடுகளின் மீது தள்ளப்பட்டால் இந்தக் கதவு மூடிக்கொள்கிறது. அப்போது பிறப்பது முழுமையான தீர்ப்பாணை. அதை எதிர்க்க வேண்டுமானால், மாவட்ட நீதிமன்றத்திலிருந்து உயர் நீதிமன்றத்திற்கு 90 நாளுக்குள் இரண்டாம் மேல்முறையீடு செய்ய வேண்டும். அதில் முக்கியமான சட்ட வினா ஒன்று எழுந்தாக வேண்டும். 'நான் அன்று மருத்துவமனையில் இருந்தேன்' என்பது சட்ட வினா ஆகாது. 'சாட்சி சொன்னதை நீதிபதி தவறாகப் புரிந்துகொண்டார்' என்பதும் பெரும்பாலும் ஆகாது. 96ஆவது பிரிவின்கீழ் வரும் முதல் மேல்முறையீடு ஒன்றே பொருண்மைகளையும் சட்டத்தையும் ஒருசேர மறு ஆய்வு செய்யும் மேடை. அந்த ஒரே மேடையில் வாதி பேசாமலேயே நாடகம் முடிந்துவிட்டது என்று அறிவிப்பதற்கு ஒப்பானது, வராதவரின் மேல்முறையீட்டைத் தகுதிப்பாடுகளின் மீது தள்ளுவது.

1976ஆம் ஆண்டின் 104ஆவது திருத்தச் சட்டம் இந்த முடிச்சை அவிழ்த்தது. 1977 பிப்ரவரி 1 அன்று அது நடைமுறைக்கு வந்தது. 17ஆவது விதியின்கீழ் ஒரு விளக்கம் சேர்க்கப்பட்டது: இந்த உள்விதியில் உள்ள எதுவும் மேல்முறையீட்டைத் தகுதிப்பாடுகளின் மீது தள்ளுபடி செய்ய நீதிமன்றத்துக்கு அதிகாரம் அளிப்பதாகக் கொள்ளலாகாது என்பதே அதன் சாரம். 'லாம்' என்ற விகுதிக்கு முதல் வாசிப்பே சரி என்று சட்டமன்றம் உரையெழுதியது என்றே இதைக் கொள்ளலாம். அதே திருத்தச் சட்டம்தான் 100ஆவது பிரிவையும் மாற்றி, இரண்டாம் மேல்முறையீட்டை முக்கியமான சட்ட வினாவுக்குள் ஒடுக்கியது என்பதை ஆய்வாளர்கள் அதிகம் சேர்த்துப் பார்ப்பதில்லை. மேலே உள்ள கதவு குறுகியபோது கீழே உள்ள கதவை அகலத் திறந்துவைக்க வேண்டிய தேவை கூடியது. இரண்டும் ஒரே சட்டத்தில் அமைந்தது தற்செயலாக இருப்பினும், ஒன்றன் பொருள் மற்றொன்றால் விளங்குகிறது.

குற்றவியல் சட்டம் இதற்கு நேர் எதிர்த்திசையில் நடப்பது வியப்பூட்டும். தண்டிக்கப்பட்டவரின் மேல்முறையீட்டில் அவரோ அவருடைய வழக்கறிஞரோ வராவிடினும், வராமைக்காக அதைத் தள்ளக் கூடாது. ஆவணங்களைப் படித்துத் தகுதிப்பாடுகளின் மீதுதான் முடிவு செய்ய வேண்டும் என்று 1996இல் பானி சிங் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூவர் அமர்வு தீர்மானித்தது. உரிமையியலில் வராதவரின் வழக்கைத் தகுதிப்பாடுகளின் மீது தள்ளக் கூடாது. குற்றவியலில் தகுதிப்பாடுகளைப் பாராமல் தள்ளவே கூடாது. முரண்போலத் தோன்றும் இவ்விரண்டுக்கும் அடியில் ஒரே அக்கறை உள்ளது. சிறையில் இருப்பவருக்குத் தம் வராமை தம் கையில் இல்லை. அவருடைய விடுதலையை வருகைப் பதிவேட்டோடு கட்டிவைக்க இயலாது. சொத்து வழக்காடுபவரின் நிலை வேறு; வழக்கை நடத்துவதும் கைவிடுவதும் அவர் விருப்பம். ஆகவே அவருடைய வராமையை வராமையாக மட்டுமே பதிவு செய்வது போதும்.

வராதவரை என்ன செய்வது என்ற வினா நாகரிகங்களின் தொடக்கத்திலேயே எழுந்த ஒன்று. கி.மு. 5ஆம் நூற்றாண்டின் ரோமானியப் பன்னிரு பட்டயங்கள், நண்பகல் கடந்தும் ஒருவர் வராவிடில் வந்திருப்பவருக்கே வழக்கைக் கொடுத்துவிடச் சொல்கின்றன. நாரத ஸ்மிருதி தோற்றவராகக் கருதப்பட வேண்டிய ஐவரைப் பட்டியலிடுகிறது. முன்பின் முரணாகப் பேசுபவர், மெய்ப்பித்தலை வெறுப்பவர், விடை சொல்லாதவர், அழைத்ததும் ஓடிப்போகிறவர் ஆகியோரோடு அவைக்கு வராதவரும் அதில் ஒருவர். இரண்டிலும் வராமை ஒரு குணக்கேடாகவே பார்க்கப்படுகிறது. இந்திய உச்ச நீதிமன்றம் 1955இல் சங்ராம் சிங் வழக்கில் இந்தப் பார்வையிலிருந்து விலகியது. கோட்டா தேர்தல் தீர்ப்பாயம் தொடர்பான அவ்வழக்கில் நீதிபதி விவியன் போஸ், நடைமுறைச் சட்டம் நீதிக்கு வழி செய்வதற்கே அன்றித் தண்டிப்பதற்கு அன்று என்றும், வராதவரை இல்லாமல் விசாரணை நடத்துவது அவர் இல்லை என்பதை மட்டுமே குறிக்கிறது என்றும் விளக்கினார். 'எக்ஸ் பார்ட்டி' என்ற இலத்தீன் தொடருக்கு 'ஒரு தரப்பிலிருந்து' என்பதே நேர்ப்பொருள். தமிழில் அதற்கு வழங்கும் 'ஒருதலைப்பட்சம்' என்ற சொல்லோ பொதுவழக்கில் ஓரவஞ்சனையைச் சுட்டுவது. 'ஒருதலைப்பட்சத் தீர்ப்பு' என்று கேட்கும் சாமானியர், நீதிபதி நடுநிலை தவறினார் என்றே எண்ணிக்கொள்வதில் வியப்பில்லை.

நீதிமன்றத் தமிழின் சொற்கள் பல அரபு, பாரசீக வேர்களிலிருந்து உருது வழியாக வந்தவை. 'ஆஜர்' என்பது 'ஹாஜிர்'. 'பிராது' என்பது 'ஃபரியாத்'. 'வக்கீல்', 'வக்காலத்து' ஆகியன வெளிப்படை. 'வாய்தா' என்பது 'வாதா'. உருதுவில் அது வாக்குறுதியைக் குறிக்கும். தமிழிலும் தெலுங்கிலும் (தெலுங்கில் 'வாயிதா') ஒத்திவைக்கப்பட்ட தேதியைக் குறிக்கும். வாக்குறுதி தவணையாகி, தவணை ஒத்திவைப்பாகிய இந்தப் பொருள் பெயர்ச்சியைப் பற்றித் தனிக் கட்டுரையே எழுதலாம்.

ஐதராபாத்தில் இச்சொற்கள் கடன் சொற்களாக அல்லாமல் ஆட்சிமொழியாகவே இருந்தன. நிசாம் அரசு 1884இல் பாரசீகத்தை விடுத்து உருதுவை நிர்வாக மொழியாக்கியது. மூசி ஆற்றங்கரையில் 1920இல் திறக்கப்பட்ட உயர் நீதிமன்றக் கட்டடத்தில் வழக்குகள் உருதுவில் நடந்தன. இந்திய நடைமுறைச் சட்டத் தொகுப்பு 1951 ஏப்ரல் 1 அன்றுதான் ஐதராபாத் மாநிலத்துக்கு நீட்டிக்கப்பட்டது. 1956இல் ஆந்திரப் பிரதேசம் உருவானபோது, குண்டூரில் 1954 முதல் இயங்கிய ஆந்திர உயர் நீதிமன்றம் ஐதராபாத்துக்கு வந்து சேர்ந்தது. அது சென்னை மரபில் வளர்ந்த நீதிமன்றம். ஆக, ஒரே கூரையின்கீழ் இரு நீதிமன்றச் சொல்மரபுகள் சந்தித்தன. உருது மரபில் வராமையால் தள்ளப்படுவதற்கு 'அதம் பைரவி' என்று தனித்தொடர் உண்டு. 'அதம்' இன்மை, 'பைரவி' அடிபற்றித் தொடர்தல். தொடர்ந்து நடத்தாமை என்பது பொருள். ஆங்கிலத்தின் 'டிஃபால்ட்' தவறுதலைச் சுட்டுகிறது; உருதுத் தொடரோ கைவிடுதலைச் சுட்டுகிறது. ஒன்று குறையைப் பார்க்கிறது, மற்றொன்று நின்றுபோன காலடியைப் பார்க்கிறது. எதுவாயினும் இரு மொழிகளும் இவ்வகைத் தள்ளுபடிக்குத் தனிப்பெயர் வைத்துள்ளன.

வராமை யாருடையது என்பது அடுத்த சிக்கல். பெரும்பாலும் வராதவர் கட்சிக்காரர் அல்லர், அவருடைய வழக்கறிஞர். 1981இல் ரஃபீக் வழக்கில் நீதிபதி டி.ஏ. தேசாய் இதை நேராக எடுத்துக்கொண்டார். வழக்கறிஞரை அமர்த்தி, கட்டணம் செலுத்தி, கேட்டவற்றைக் கொடுத்துவிட்ட கிராமத்துக் கட்சிக்காரர், உயர் நீதிமன்றத்துக்கு வந்து தம் வழக்கறிஞர் ஆஜராகிறாரா என்று காவல் காக்க வேண்டியதில்லை என்பது அவர் நிலைப்பாடு. மேல்முறையீடு மீட்கப்பட்டது; எதிர்த்தரப்பின் செலவுத்தொகை வராத அந்த வழக்கறிஞரிடமிருந்தே பெறப்பட வேண்டும் என்றும் ஆணையிடப்பட்டது.

இந்தத் தீர்ப்பு பின்னர் எல்லா வகைக் கட்சிக்காரராலும் கேடயமாக ஏந்தப்பட்டது. 1993இல் சலீல் தத்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் அதற்கு எல்லை வகுத்தது. தீர்ப்பை எழுதியவர் ஆந்திரப் பிரதேச உயர் நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்த பி.பி. ஜீவன் ரெட்டி. அங்கே வராதவர் கல்கத்தாவிலேயே அலுவலகம் வைத்திருந்த ஒரு தனியார் நிறுவனம். வழக்கறிஞர் கட்சிக்காரரின் முகவர். அவருடைய செயல் கட்சிக்காரரைக் கட்டும். எல்லாப் பழியையும் அவர்மீது போட்டுவிட்டு விலகிக்கொள்வதை விதியாக்க இயலாது என்றது நீதிமன்றம். இரு தீர்ப்புகளும் முரண்படுவதாகப் பாடநூல்கள் சொல்வதுண்டு. ஆனால் இரண்டும் பார்ப்பது ஒரே அளவுகோலை: அந்தக் கட்சிக்காரரால் தம் வழக்கைக் கண்காணித்திருக்க முடியுமா? கிராமத்தவரால் முடியாது, நிறுவனத்தால் முடியும்.

வழக்கறிஞர் 'எனக்கு அறிவுறுத்தல் இல்லை' என்று சொல்லி விலகிக்கொள்ளும் நாளில் நிலைமை இன்னும் மோசம். கட்சிக்காரருக்கு அது தெரியவே வராது. அத்தகைய நேரத்தில் நீதிமன்றம் கட்சிக்காரருக்கு நேரடியாக அறிவிப்பு அனுப்பியிருக்க வேண்டும் என்று 1998இல் மல்கியத் சிங் வழக்கு கூறியது. வழக்கறிஞர்களின் புறக்கணிப்புப் போராட்டங்களால் நேர்ந்த வராமைகளும் உண்டு. தெலங்கானா போராட்டக் காலத்தில் ஐதராபாத் நீதிமன்றங்கள் அவற்றைக் கண்டன. வேலைநிறுத்தத்தால் வராத வழக்கறிஞர் கட்சிக்காரரின் இழப்பில் பங்கேற்க வேண்டும் என்று 2000இலேயே ரமோன் சர்வீசஸ் வழக்கு தீர்மானித்திருந்தது.

மாதாப்பூரை இங்கே எண்ணிப் பார்ப்பது பொருத்தம். 1990களின் நடுப்பகுதி வரை ஐதராபாத்தின் புறத்தே பாறைகளுக்கு இடையே கிடந்த சிற்றூர் அது. 1998இல் சைபர் டவர்ஸ் திறக்கப்பட்ட பின்னர் அதன் நிலம் வேறொரு பொருளாயிற்று. உரிமையியல் மேல்முறையீடுகள் பதின்மூன்று, பதினான்கு ஆண்டுகள் நிலுவையில் கிடப்பது இந்நாட்டில் அரிதன்று. ஒரு மேய்ச்சல் நிலத்துக்காகத் தந்தை தொடுத்த மேல்முறையீட்டின் அழைப்பு, அந்நிலத்தில் கண்ணாடிக் கோபுரம் எழுந்த பிறகு மகனின் காலத்தில் வருமானால், அன்றைய ஒரு நாள் வராமையின் விலை தொடுத்த நாளில் எவரும் எண்ணியிராத அளவுக்கு உயர்ந்திருக்கும். மேல்முறையீடு தள்ளப்பட்டால் விசாரணை நீதிமன்றத்தின் தீர்ப்பாணை அப்படியே நிலைபெறும். 1966இல் ஷியோதான் சிங் வழக்கில் நிகழ்ந்தது இதற்குச் சான்று. ஒன்றோடொன்று பிணைந்த வழக்குகளிலிருந்து எழுந்த மேல்முறையீடுகளில் ஒன்று காலம் கடந்ததால் தள்ளப்பட்டது. மற்றொன்று ஆவணங்களை மொழிபெயர்த்து அச்சிடுவதற்கான நடவடிக்கை எடுக்காததால் தள்ளப்பட்டது. தகுதிப்பாடுகள் ஆராயப்படவில்லை என்றபோதும், அத்தள்ளுபடிகள் கீழ் நீதிமன்றத் தீர்ப்பை உறுதிசெய்தன என்றும், எஞ்சிய மேல்முறையீடுகளையும் முன்தீர்ப்புத் தடை கட்டும் என்றும் உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. மொழிபெயர்ப்புக்குப் பணம் கட்டத் தவறியவர் நிலத்தை இழக்கக்கூடும் என்பது மொழித்துறையினர் நினைவில் வைக்கத்தக்க செய்தி.

மாதாப்பூரின் அலுவலகங்களில் பணிபுரியும் தமிழர் பலருக்கும் தஞ்சையிலோ திருநெல்வேலியிலோ ஒரு பாகப்பிரிவினை வழக்கு ஓடிக்கொண்டிருப்பது இயல்பு. ஊரிலிருந்து தொலைபேசியில் வரும் செய்தி இரண்டே சொற்களாக இருக்கும்: அப்பீல் தள்ளுபடி. 'தள்ளுபடி' தமிழில் பரந்த சொல். ஆடி மாதத்தில் துணிக்கடை தருவதும் தள்ளுபடி; அரசு விவசாயிக்கு அறிவிப்பதும் கடன் தள்ளுபடி; நீதிமன்றம் மறுப்பதும் தள்ளுபடி. முதலிரண்டும் நன்மை, மூன்றாவது இழப்பு என்ற வேடிக்கையை விட்டுவிடலாம். வராமையால் தள்ளப்பட்டதா, தகுதிப்பாடுகளின் மீது தள்ளப்பட்டதா என்பதை அச்சொல் தன்னுள் காட்டுவதில்லை என்பதே இங்குச் சிக்கல். முன்னதாயின் 30 நாள், அதே நீதிமன்றம், போதிய காரணம் சொன்னால் போதும். பின்னதாயின் 90 நாள், உயர் நீதிமன்றம், முக்கியமான சட்ட வினா வேண்டும். கேட்டவர் 90 நாள் இருக்கிறது என்று எண்ணி இரண்டு மாதம் கழித்து ஊருக்குப் போனால், முதல் வழியின் காலம் கடந்து, தாமதத்துக்கு மன்னிப்புக் கோரும் நிலையில் நிற்பார். 1908இல் ஆங்கில வாக்கியத்திலிருந்து உதிர்ந்த காரணச் சொல் தமிழ்ச் செய்தியிலும் உதிர்ந்தே கிடக்கிறது. 'வராமைத் தள்ளுபடி' என்று இரண்டு சொல்லாகச் சொல்வது தமிழுக்கு ஒன்றும் கடினமன்று.

ரஃபீக் வழக்கின் கிராமத்தவருக்கு இல்லாத ஒரு வசதி இன்று உண்டு. மின்நீதிமன்றச் சேவையின் வழக்கு நிலைப் பக்கத்தை எவரும் கைப்பேசியில் திறக்கலாம். அடுத்த வாய்தா எப்போது என்பது அதில் தெரியும். இதனால் 'என்னால் கண்காணிக்க இயலவில்லை' என்னும் வாதம் வருங்காலத்தில் நகரத்துக் கட்சிக்காரர்களுக்கு நலிந்துபோகவே வாய்ப்புண்டு. சலீல் தத்தா வழக்கின் அளவுகோல் கல்கத்தா நிறுவனத்திலிருந்து மென்பொருள் பொறியாளர் வரை நீளக்கூடும். அதே பக்கத்தில், வழக்கு முடிந்திருந்தால், முடிந்த விதம் என்றொரு வரி இருக்கும். எதிர்வாதத்துடன் முடிந்ததா, எதிர்வாதமின்றி முடிந்ததா, வராமைக்காகத் தள்ளப்பட்டதா என்பது அங்கே ஆங்கிலத்தில் பதிவாகியிருக்கும். தொலைபேசிச் செய்தியைக் கேட்டவர் முதலில் பார்க்க வேண்டிய வரி அதுவே. 30 நாள் கணக்கு அந்த ஆணையின் தேதியிலிருந்து தொடங்கிவிடுகிறது.